நேராகத் தெரிந்தவள்

கவிப்ரியாவும் அறிவுமதியும் அந்த மாடிவீட்டில் வந்து இறங்கியபோது, திருவையாற்றைச் சுற்றிய வயல்களில் குறுவை நடவு அப்போதுதான் முடிந்திருந்தது. எங்கு பார்த்தாலும் தண்ணீர், தண்ணீருக்குள் ஊசி ஊசியாய் நாற்று.

தொலைநோக்கியில் வானம் பார்ப்பதற்குத் தமிழில் ஒரு கையேடு எழுதிக்கொண்டிருந்தான் அறிவுமதி. தஞ்சாவூர் வெளிச்சத்தில் பாதி நட்சத்திரம்கூடத் தெரிவதில்லை என்பதால்தான் இந்த வீட்டை வாடகைக்கு எடுத்தான். எழுதுவது அவன், பிழை திருத்துவது அவள். கல்யாணமாகி நேராகக் கூட்டுக் குடும்பத்துக்குள் வந்தவளுக்குக் கணவனோடு தனியாக இருக்கக் கிடைத்த முதல் வீடு இது. அடுப்பில் பால் வைத்தபோதே அவளுக்குக் காரணமில்லாமல் சிரிப்பு வந்தது.

சுற்றியிருந்த நிலத்தைக் குத்தகைக்குப் பயிர் செய்த மருதையன்தான் தொலைநோக்கிப் பெட்டியை மொட்டைமாடிக்குத் தூக்கி வந்தார்.

“நட்சத்திரம் பாக்கவா சார் இத்தாம் பெரிய குழாயி? போர் போட வந்திருக்கீங்கன்னுல்ல நெனச்சேன்.”

பெரிய குழாயின் முதுகில் ஒரு சின்னக் குழாய் இருக்கும். இரண்டும் ஒரே இடத்தைப் பார்க்கும்படி முதலில் திருகிச் சரிசெய்ய வேண்டும். இருட்டுவதற்குள், தூரத்தில் அசையாமல் நிற்கும் ஒரு பொருளைக் குறிவைத்துச் செய்கிற வேலை அது.

“பனைமரத்துக்குப் பக்கத்துல ஒரு பொம்மை நிக்குது கவி. சேலை கட்டின பொம்மை. அதுவே போதும்,” என்றான்.

அதன்பின் ஒவ்வொரு அந்தியிலும் அவன் சீக்கிரமாக மாடிக்குப் போனான். நட்சத்திரங்கள் முளைத்த பிறகும் குழாய் வானத்தை நோக்கி நிமிரவில்லை. வயலைப் பார்த்தே கிடந்தது.

“நட்சத்திரமெல்லாம் மேல இருக்குங்க. நீங்க என்ன, நாத்து எண்ணிக்கிட்டிருக்கீங்களா? தோசை ஆறுது.”

அவன் சிரிக்கவில்லை. கண்ணை எடுக்கவும் இல்லை.

“இன்னும் கொஞ்சம் கிட்ட வந்திருக்கு,” என்றான்.

அவன் தோளைத் தொட்டாள். சட்டை ஈரமாக இருந்தது. சேற்றுத் தண்ணீரின் வாடை வந்தது.

அன்றிரவு அவன் அவளுக்கு முதுகு காட்டிப் படுத்தான். எவ்வளவு கூப்பிட்டும் திரும்பவில்லை.

மறுநாள் காலை அவள் கையேட்டின் பக்கங்களைத் திருத்த உட்கார்ந்தாள். ‘தொலைநோக்கியில் எல்லாமே தலைகீழாகத் தெரியும். பயப்பட வேண்டாம். வானத்தில் மேலும் இல்லை, கீழும் இல்லை’ என்று அழகாக எழுதியிருந்தான். கீழே, தான் கண்டதை அப்படியே படமாக வரைந்திருந்தான். பனை தலைகீழாகத் தொங்கியது. வரப்பு மேலே இருந்தது. பொம்மை மட்டும் நேராக நின்றது.

தப்பாக வரைந்துவிட்டான் என்று சிவப்பு மையால் சுழித்தாள். சுழித்த பிறகுதான் எழுந்துபோய் மாடிச் சுவரோரம் நின்று பார்த்தாள். பனை இருந்தது. பக்கத்தில் எதுவும் இல்லை.

கீழே மருதையன் வாய்க்கால் மடையைத் திறந்துகொண்டிருந்தார்.

“பனைகிட்ட பொம்மை வெச்சிருந்தது நீங்களாண்ணே?”

“பொம்மையா? கதிர் பிடிச்சாத்தானம்மா குருவி வரும். நேத்து நட்ட நாத்துக்கு எவன் பொம்மை வெப்பான்? என்னைக் கிண்டலா பண்றீங்க?”

அந்தி சாய்ந்தது. அவள் மாடியேறியபோது அவன் குழாயோடு ஒட்டியிருந்தான்.

“நகருங்க. நான் பாக்குறேன்.”

கண்ணை வைத்தாள். மேலே தண்ணீர், கீழே சிவந்த வானம், நடுவில் தொங்கும் பனை. அதன் அருகே ஒருத்தி. ஈரக்கூந்தல் முகத்தை மூடியிருந்தது.

எல்லாம் தலைகீழ். அவள் மட்டும் நேர்.

கவிப்ரியா குழாயை மெதுவாகச் சாலைப் பக்கம் திருப்பினாள். பனை போய்விட்டது. மின்கம்பங்கள் தலைகீழாக நகர்ந்து வந்தன.

ஈரக்கூந்தல்காரி நகரவில்லை. நடுவிலேயே நின்றாள்.

கண்ணை எடுக்காமல் கைநீட்டி, குழாயின் வாயை உள்ளங்கையால் மூடினாள். சாலை மறைந்தது. வானம் மறைந்தது.

அவள் மறையவில்லை.

கையேட்டின் ஒரு வரி கவிப்ரியாவுக்கு நினைவு வந்தது. தலையோடு சேர்த்துக் கறுப்புத் துணி போர்த்திக்கொள்ளுங்கள், இல்லையென்றால் உங்களுக்குப் பின்னால் இருப்பது கண்ணருகே உள்ள லென்ஸில் பிரதிபலிக்கும்.

பின்னால் இருப்பது.

பிடரியில் ஒரு சொட்டுத் தண்ணீர் விழுந்தது.

“அவ வயல்ல இல்லங்க,” என்றாள் கிசுகிசுப்பாக.

“தெரியும். திரும்பிப் பாக்காத.”

அவன் கையைப் பற்றிக்கொண்டு, கண்ணை மூடியபடியே படியிறங்கினாள். தொலைநோக்கியை விட்டுவிட்டார்கள். தஞ்சாவூர் பஸ்ஸில் இடம் கிடைத்து உட்கார்ந்த பிறகுதான் அவளுக்கு மூச்சு வந்தது. வழியெல்லாம் அவன் பழையபடி பேசினான். “ஒரு ஆளைப் பிழை திருத்த வெச்சா, வீட்டையே காலி பண்ண வெச்சுட்டா,” என்று கேலி செய்தான்.

கரந்தையில், கூட்டுக் குடும்பத்து வீட்டில் டிவி ஓடியது. குக்கர் விசில் அடித்தது. அவர்கள் அறையில் டியூப்லைட் பளிச்சென்று எரிந்தது. கவிப்ரியா கதவைச் சாத்திவிட்டு அவன் முகத்தை இரு கைகளிலும் ஏந்தினாள். எத்தனை நாளாயிற்று இந்தக் கண்களைப் பார்த்து! அவன் கருவிழிக்குள் தன்னைத் தேடினாள்.

ஈரக்கூந்தலோடு ஒருத்தி நேராக நின்றாள், மிக அருகில்.

அவளுக்குப் பின்னால், வெகுதூரத்தில், கவிப்ரியா தலைகீழாகத் தொங்கிக்கொண்டிருந்தாள்.

அறிவுமதியின் முகம் மலர்ந்தது. மனைவியின் தோளுக்கு அப்பால் பார்த்துக் கனிவாகக் கேட்டான்.

“வந்துட்டியா, கவி?”