பெரிய வசனம்

"கதிரை" என்றது அந்தக் குரல். குசினியில் சூடை மீன் கழுவிக்கொண்டிருந்த அனோஜினியின் கை நின்றது.

மகள் கஜாலினி வாசிக்கப் பழகட்டும் என்று, காரைநகரில் வேலை பார்க்கும் கணவன் நிமலன் மடிக்கணினியில் போட்டுக்கொடுத்த விளையாட்டு அது. படம் வரும், எழுத்து வரும், ஒரு பெண் குரல் சொல்லைச் சொல்லித்தரும். பிள்ளை சரியாக வாசித்தால் ஒரு நட்சத்திரம் விழும். தமிழ்நாட்டில் செய்தது. கதிரையை அது எப்போதும் நாற்காலி என்றுதான் சொல்லும், அதைக் கேட்டுக் கஜாலினி விழுந்து விழுந்து சிரிப்பாள். இன்று சிரிக்கவில்லை.

காலையிலிருந்து எழுவைதீவைக் காற்று அறைந்துகொண்டிருந்தது. படகு ஓடாது, வர ஏலாது என்று நிமலன் சொல்லி முடிக்குமுன் போனும் அறுந்துவிட்டது. பனைகளின் இரைச்சல், கடலின் உறுமல், கோழிக்கூட்டுத் தகரம் அடிபடும் சத்தம், எல்லாவற்றுக்கும் நடுவே அந்தக் குரல் மட்டும் காதருகே நின்று பேசுவதுபோலத் தெளிவாகக் கேட்டது.

"அலுமாரி."

மீன் வாடைக் கையோடு அவள் முன்னறைக்கு வந்தாள். திரையில் இருந்தது அவர்களுடைய அலுமாரி. அதே கண்ணாடிக் கீறல். மேலே நிமலனின் பயணப் பை.

"வாசிச்சது காணும் குஞ்சு. மூடுங்கோ."

"இப்பதான் வசனம் வருகுதம்மா." பிள்ளை திரும்பவில்லை. சின்ன விரல் எழுத்துகளின் கீழே ஊர்ந்தது. "கா... ற்... று. காற்று நின்றது."

காற்று நின்றது.

தணிந்து ஓயவில்லை. கயிறு அறுந்ததுபோல நின்றது. யன்னலுக்கு வெளியே வளைந்த பனையோலைகள் வளைந்தபடியே நின்றன. கடலுக்கும் சத்தமில்லை.

"கெட்டிக்காரி" என்றது குரல். நட்சத்திரம் விழுந்தது.

பிள்ளையோடு வெளியே ஓடிவிட வேண்டும். அனோஜினி வாசலுக்குப் பாய்ந்து தாழ்ப்பாளை இழுத்தாள்.

"கதவு திறக்காது" என்று பின்னால் பிள்ளை வாசித்தாள்.

தாழ்ப்பாள் விலகியது. கதவு விலகவில்லை. தோளால் இடித்தாள். மறுபடி இடித்தாள். சுவர்.

"வாசிக்காதேங்கோ குஞ்சு!"

திரும்பி ஓடினாள். திரையை அடித்து மூடக் கையை ஓங்கினாள்.

"அம்மா அசைய மாட்டா."

கை அந்தரத்தில் நின்றது. கால் இல்லை. நாக்கு இல்லை. கண் மட்டும் மிஞ்சியது. விரல் நுனியிலிருந்து மீன் தண்ணீர் சொட்டியது.

அடுத்த வசனம் வந்தது. அனோஜினி அதை ஒரே பார்வையில் வாசித்துவிட்டாள்.

உள்ளறையில் இருக்கிறவ எழும்பி வாறா.

"இது பெரிய வசனம்" என்றாள் கஜாலினி பெருமையாக. "நான் தனிய வாசிப்பன்."

விரல் முதல் எழுத்துக்குப் போனது.

"உள்... ளறை... யில்."

பின்னால், யாருமில்லாத உள்ளறையில், சேலை சரசரத்தது.

"இருக்... கிற... வ."

ஒரு மூச்சு. நீளமாக.

வாசிக்காதே. வாசிக்காதே.

"எழும்பி."

கட்டில் கிறீச்சிட்டது.

"வாறா."

ஈரக் கால். இன்னொரு ஈரக் கால். நின்றது.

"கெட்டிக்காரி."

குரல் கணினியிலிருந்து வரவில்லை. அனோஜினியின் உச்சந்தலையில் குளிராக இறங்கியது.

கஜாலினி திரும்பினாள். அம்மாவின் முகத்தைப் பார்க்கவில்லை. தோளுக்கு மேலே பார்த்தாள். இன்னும் மேலே. கழுத்து நோக அண்ணாந்து, கூரை முகட்டைப் பார்க்கிறவள்போல.

பிறகு சிரித்து, தூக்கச் சொல்லி இரண்டு கைகளையும் உயர்த்தினாள்.