மெசினுக்குச் சொன்ன ‘வாறன்’

வட்டக்கச்சியில் கரண்ட் போய் எட்டு வருசம். ஆனாலும் கைவிட்டுக் கிடந்த அந்தக் கடையின் மூலையில் நின்ற குளிர்பான மெசின், மத்தியான வெயிலில் மெல்ல உறுமத் தொடங்கியது. அதன் வயர் அறுந்து நிலத்தில் கிடந்தது.

நேசமலர், வீட்டிலிருந்து தூக்கி வந்த ஒரே சொத்தான உலக்கையை எட்டி எடுத்தாள். இடம்பெயர்ந்து வந்து ஒதுங்கிய மூன்று நாளும் துருவும் எலிப்புழுக்கையுமாய் மணத்த இடத்தில் இப்போது தோடம்பழ வாசம் கிளம்பி, காய்ச்சலில் கிடந்த ஆறு வயது மகள் லக்சிகாவின் பாய்வரைக்கும் ஊர்ந்து வந்தது. மெசினின் வாயில் ஒரு கப்பில் ஆரஞ்சுப் பானம் தானாக நிறைந்தது. கீழே இரண்டு பொத்தான்கள் ஒளிர்ந்தன. ‘குடிக்கிறன்.’ ‘பிறகு.’

சீனியைக் கண்ணால் கண்டு மாதக்கணக்கு. என்றாலும் ஓசிக்கு வாய் பிளக்கிறவள் அல்ல நேசமலர். ‘பிறகு’வை உலக்கை நுனியால் குத்தினாள்.

எழுத்து மாறியது. ‘உனக்கு.’ ‘பிள்ளைக்கு.’

பயத்தைக் கோபம் முந்திக்கொண்டது.

“என்ர பிள்ளையைக் கேக்க நீ ஆர்?”

ஓங்கி ஒரு போடு. முன்கண்ணாடியில் குறுக்கே கீறல் விழுந்தது. உறுமல் நின்றது.

வெளியே அயலவர் அப்புத்துரை மாட்டுவண்டியை நிறுத்திக் கூப்பிட்டார். “நேசமலர், ஷெல்லடி கிட்ட வருது. வெளிக்கிடு பிள்ளை. துணுக்காயில என்ர தமையன்ர வீடு சும்மா கிடக்கு.”

மகளைத் தூக்கிக்கொண்டு படி இறங்கினாள். வீடுவிட்டு இறங்கும்போது ‘போறன்’ என்றால் அபசகுனம் என்று கேட்டு வளர்ந்த வாய், பழக்கத்தில் சொல்லிவிட்டது.

“வாறன்.”

உள்ளே ஒரு பொத்தான் டக்கென்று அமுங்கியது.

மறுநாள் மத்தியானம் துணுக்காய். காய்ச்சல் விட்டிருந்த லக்சிகா வண்டியிலிருந்து குதித்து முதலில் உள்ளே ஓடினாள். நேசமலர் உலக்கையோடு வாசலை மிதித்தபோதே தோடம்பழ வாசம்.

அறை மூலையில் அதே மெசின். அதே கீறல். ஒரே பொத்தான். ‘வந்திட்டியோ?’

கப் வெறுமை.

“போறன்!” வாழ்நாளில் சொல்லாத சொல்லைக் கத்தினாள். “நானும் பிள்ளையும் போறம்! திரும்பி வரமாட்டம்!”

மகளின் கையைப் பிடித்து இழுத்தாள். கை ஐஸாய்ச் சில்லிட்டது.

மெசினின் கதவு திறந்திருந்தது. உள்ளே இருட்டு. லக்சிகாவின் மற்றக் கை அதற்குள் இருந்தது. தோடம்பழ நிற உதட்டோடு பிள்ளை சிரித்தது.

“வாறனம்மா.”

நேசமலர் உலக்கையை ஓங்கினாள். பிடியை விடவில்லை.

உள்ளேயிருந்தும் விடவில்லை.