விங் கமாண்டருக்கு ஒரு சல்யூட்

ஃபோன் அலறியது.

எடுத்துப் பேசிய, குத்தகை வழக்கை விசாரிக்கும் ஆர்.டி.ஓ. அஹமது கபீர் நிமிர்ந்து உட்கார்ந்தார். "விங் கமாண்டர் வந்துக்கிட்டிருக்காராம்."

மூலையில் நின்ற செவ்வந்தி வாசலைப் பார்த்தாள்.

திருத்துறைப்பூண்டிப் பக்கம் அவள் குத்தகைக்குச் சாகுபடி செய்யும் ஆறு மா நிலம்... புருஷன் போனபின் தனியாளாக நட்டு அறுத்த நிலம்... இன்றோடு போய்விடுமா?

உழுபவரை வெளியேற்ற முடியாது என்றது சட்டம். அதிலும் ஒரு சந்து! நிலத்துக்காரர் ராணுவத்தில் இருந்தால் திருப்பிக் கேட்கலாம். நிலத்தை மகன் பெயரில் வைத்திருந்த பண்ணையார் சாமிதுரை, அந்தச் சந்தில் அவனை நுழைத்துவிட்டார். ஊர்ப்பக்கமே வராத தியாகராசன், திடீரென்று விமானப்படை விங் கமாண்டராம்!

செவ்வந்தியிடமும் ஒரு துருப்புச்சீட்டு. அண்ணன் ரெத்தினம்! விமானப்படை சார்ஜென்ட். அவன் பார்த்தால் நிஜமா, போலியா என்று தெரிந்துவிடும். தந்தியடித்து வரவழைத்திருந்தாள்.

ரெத்தினம் தொப்பியும் உடுப்புமாக வந்து நின்றான். சட்டைக் கையில் மூன்று பட்டை.

அடுத்து தியாகராசன். அவனுக்கும் மூன்று பட்டை... ஆனால் தோளில்!

கையில் மூன்று என்றால் சார்ஜென்ட். தோளில் மூன்று என்றால் விங் கமாண்டர். இரண்டுக்கும் ஏணி வைத்தாலும் எட்டாது.

"சார்ஜென்ட், இவரைத் தெரியுமா?" கபீர் கேட்டார்.

"தெரியும் சார். எங்க விங் கமாண்டர்தான்."

கூடப்பிறந்தவனே சொல்லிவிட்டான். கபீர் பேனாவைத் திறந்தார்.

அண்ணனை நிமிர்ந்து பார்த்தாள். அவன் மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தான். லீவுக்கு வரும்போதெல்லாம் அவன் அளந்தது ஞாபகம் வந்தது. தோளில் பட்டை வைத்த ஆபீசரைக் கண்டால் தூக்கத்திலும் கை தானாக மேலே போகுமாம்...

"அண்ணே, நீ ஏன் சல்யூட் அடிக்கல?"

பேனா நின்றது. "அதானே... அடிங்க சார்ஜென்ட்."

ரெத்தினத்தின் வலது கை எழவில்லை! வருஷக்கணக்காக வெயிலில் நின்று வாங்கிய பட்டை அவனுடையது. வேஷக்காரனுக்கு எப்படி எழும்?

ஆத்திரத்தில் தியாகராசனை முறைத்தான்.

அவ்வளவுதான்... விங் கமாண்டர் பதறி, விறைத்து, சார்ஜென்டுக்கு சல்யூட் அடித்தார்!

அப்புறம் எல்லாம் கொட்டியது. தியாகராசன் சென்னையில் லாரி புரோக்கர். உடுப்பு தைத்துக் கொடுத்தது ரெத்தினம். நிற்கவும் நடக்கவும் ஒரு வாரம் முறைத்து முறைத்துப் பழக்கியதும் அவனே. பண்ணையார் அவனுக்குப் பேசியிருந்த கூலி, தங்கையின் நிலத்தில் பாதி!

போலீஸ் ஜீப் வந்தது. புத்தி கெட்டுப் போய்விட்டதென்று ரெத்தினம் முனகினான். செவ்வந்திக்கு நெஞ்சு எரிந்தது. இவனைத்தான் மலைபோல நம்பியிருந்தாள்.

"யூனிபார்முக்குக் குடுத்த மரியாதையில பாதியாவது கூடப்பொறந்தவளுக்குக் குடுத்திருக்கலாம்ண்ணே. சரி, ஏறு... ஜெயில்ல எல்லாருக்கும் ஒரே ரேங்க்தான்."