புழக்கத்தில் உள்ளது

தொண்ணூற்றேழாம் வருஷத்து ஐப்பசி மழை ஓயாமல் ஊற்றிக்கொண்டிருந்த ஒரு நாளில்தான் ஹில்டா செம்பாக்கம் ஏரிக்கரைப் பக்கத்து அந்தப் பழைய வீட்டு முன்னறைக்கு வந்து சேர்ந்தாள். ஒரு கையில் குடை, ஒரு கையில் டிபன் டப்பா, அக்குளில் 'டி.டி.பி. செய்து தரப்படும்' என்று எழுதிய தகரப் பலகை. புருஷன் போன இடம் தெரியாதவள். இனி இதுதான் அவளுக்குச் சோறு.

கம்ப்யூட்டர் ஏற்கெனவே அந்த அறையிலேயே இருந்தது. அங்கே முன்பு டைப் அடித்துக்கொண்டிருந்த தபீதாள் மஞ்சள் காமாலையில் போய்ச் சேர்ந்திருந்தாள். "யாராவது புழங்கட்டும்" என்று அவள் அண்ணன் அப்படியே விட்டுவிட்டுப் போன பெட்டி அது.

"ஒரு வருசமா ஆள் புழக்கம் இல்லாத ரூமும்மா," என்றாள் வீட்டுக்காரி கங்கையம்மாள். "ஒட்டட அடிச்சிகினு குந்து."

ஹில்டா விளக்குமாற்றோடு நிமிர்ந்து பார்த்தாள். ஒட்டடை இல்லை. கீபோர்டில் தூசியும் இல்லை. கோடாலித் தைலத்தின் வாசனை மட்டும் இருந்தது, யாரோ இப்போதுதான் நெற்றியில் தடவிக்கொண்ட மாதிரி.

ஈர வீட்டில் ஆயிரம் வாசனை இருக்கும் என்று மனதைத் தேற்றிக்கொண்டாள். நீங்களும் நானும் அதைத்தானே செய்திருப்போம், கண்ணுகளா?

அடுத்த மாதம் பக்கத்துப் பள்ளிக்கூடத்துத் தமிழாசிரியர் சம்பந்தம், அரைப் பரீட்சைத் தமிழ்க் கேள்வித்தாளைக் கையெழுத்தில் கொண்டுவந்து கொடுத்தார்.

"நாளைக்குக் காலைல பிரேயர் பெல்லுக்கு முன்னாடி என் கையில இருக்கணும்மா. ஒழுங்கா வந்தா இனி எல்லாப் பரீட்சையும் உனக்குத்தான். இல்லைன்னா தாம்பரத்துல தடுக்கி விழுந்தா ஒரு சென்டர் இருக்கு."

அவர் போனதும் ஹில்டா கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்தாள். கேள்வித்தாள் அல்லவா? வேறு கண் படக்கூடாது. ஆனாலும் தோளுக்குப் பின்னால் யாரோ குனிந்து படிப்பது போலவே இருந்தது. இரண்டு முறை திரும்பிப் பார்த்தாள். சுவர்தான்.

பாதி அடித்துச் சேமிக்கப் போனால், இடம் இல்லை என்றது கம்ப்யூட்டர். எதை எடுக்கலாம் என்று தேடினாள். தபீதாள் வைத்திருந்த பழைய தமிழ் டைப்பிங் புரோகிராம் கண்ணில் பட்டது. போனவளுக்கு எதற்கு இது? நீக்கச் சொன்னாள். திரை இங்கிலீஷில் ஒரு கேள்வி கேட்டது: இந்தப் பொதுக் கோப்பு யாருடைய புழக்கத்திலும் இல்லை போலிருக்கிறது. இதையும் நீக்கிவிடலாமா?

'சரி' என்று அழுத்தினாள்.

பின்னால் யாரோ மூச்சை உள்ளே இழுத்தார்கள்.

அதன்பிறகு ஹில்டாவின் சொந்தத் தமிழ் புரோகிராமும் திறக்கவில்லை. தேவையான கோப்பு ஒன்றைக் காணோம் என்றது திரை. டெலிபோன் பூத்துக்கு ஓடி, அதைப் போட்டுக் கொடுத்திருந்த மெக்கானிக் கேசவனைக் கூப்பிட்டாள். அவன் நனைந்த கோழியாக வந்து இறங்கினான்.

"எதை அழிச்சீங்க சிஸ்டர்?"

"என்னுதைத் தொடவே இல்லப்பா. அந்த அக்காவோடதைத்தான்."

"அங்கதான் மாட்டினீங்க. தமிழ் எழுத்து வர்றதுக்கு ரெண்டும் ஒரே ஃபைலைத்தான் நம்பியிருக்கு. டி.எல்.எல்.னு பேரு. புரோகிராமுக்குப் புரோகிராம் தனித்தனியா சுமக்காது. பொதுவுல ஒண்ணு கிடக்கும், வேணுங்கறது எடுத்துக்கும்."

வாசற்படியில் நின்று வேடிக்கை பார்த்த கங்கையம்மாள் குறுக்கே புகுந்தாள். "நம்ம வூட்டு ஆட்டுக்கல்லு மாதிரின்னு சொல்லு. நாலு குடித்தனம், ஒரே கல்லு. காலி பண்ணிகினு போறவ கல்லையும் தூக்கினு போய்ட்டா, மத்தவ இன்னாத்துலடா மாவு ஆட்டுவா?"

"அதேதான் பெரியம்மா! எத்தினி பேர் புழங்குறாங்கன்னு கம்ப்யூட்டர் ஒரு நம்பர் வெச்சிருக்கும். ஒரு புரோகிராம் வந்தா ஒண்ணு ஏறும், போனா ஒண்ணு இறங்கும். சிஸ்டரோடதை நான் முறையா ஏத்தாம சும்மா காப்பி பண்ணிட்டேன், அது கணக்குல வரல. அதான் யாரும் இல்லைன்னு நெனச்சு, அழிக்கவான்னு கேட்டிருக்கு."

"அப்ப தப்பு உன்னுது!"

"சத்தமா சொல்லாதீங்க சிஸ்டர், என் பொழப்பு போயிடும்."

சிரித்துக்கொண்டே பிளாப்பிகளைப் போட்டு எல்லாவற்றையும் முறையாக ஏற்றினான். தமிழ் வந்தது. ஹில்டாவுக்கு உயிரும் வந்தது.

"இப்ப நம்பர் ஒண்ணுன்னு காட்டணும். பாருங்க."

இரண்டு என்று காட்டியது.

கேசவன் பெட்டி முழுவதும் தேடினான். ஹில்டாவின் புரோகிராமைத் தவிர அந்தக் கோப்பைத் தொடுகிற வேறொன்று இல்லை. தன் கையாலேயே ஒன்று என்று மாற்றினான். மூடித் திறந்தான்.

இரண்டு.

"வேற யாரு புழங்குறது?" என்று கேட்டவன், கேட்டபிறகு சிரிக்கவில்லை.

கங்கையம்மாளின் குரல் இறங்கியது. "மத்தியானத்துல பூட்டின ரூமுல டக்கு டக்குனு சத்தம் கேக்கும். எலின்னுதான் நான் நெனச்சிகினு இருந்தேன்."

கேசவன் பையை மாட்டிக்கொண்டு கிளம்பினான். பிளாப்பிகளைக்கூட எடுக்கவில்லை.

ஹில்டாவும் எழுந்து ஓடியிருப்பாள். ஓடினால் நாளைக்கு அடுப்பு எரியாது. மாதாவை வேண்டிக்கொண்டு மறுபடி அடிக்கத் தொடங்கினாள். மழையில் பகலே இருண்டு கிடந்தது. ஒரு வரியை மூன்று முறை அடிக்க வேண்டியிருந்தது. தண்ணீர் குடிக்கக் கொல்லைப்பக்கம் போனாள்.

திரும்பி வருகையில் நடையிலேயே கேட்டது.

டக். டக். டக்.

மழை இல்லை. எலியும் இல்லை. பழகிய விரல்களின் வேகம் அது.

அவள் கதவைத் தொட்டதும் சத்தம் நின்றது.

நாற்காலி காலியாக இருந்தது. கேள்வித்தாள் முழுவதும் திரையில் இருந்தது. அவள் விட்ட இடத்திலிருந்து அத்தனையும் அடித்து முடித்தாகியிருந்தது. அவள் அடித்த பாதியில் விட்டுப்போன ஒற்றுகள்கூடத் தத்தம் இடத்தில் உட்கார்ந்திருந்தன. கீபோர்டில் எண்ணெய்ப் பசை பளபளத்தது.

அழித்துவிட்டு முதலிலிருந்து அடிக்கத் தெம்பில்லை. படித்துப் பார்க்கவும் துணிவில்லை. பிரிண்ட் கொடுத்தாள்.

"தேங்க்ஸ்க்கா," என்றாள் கிசுகிசுப்பாக.

பிடரிக்குப் பின்னால் கோடாலித் தைலம் மணத்தது. மிகப் பக்கத்தில்.

பரீட்சை முடிந்து, விடைத்தாள் கட்டோடு சம்பந்தம் சார் வந்தார்.

"தப்பே இல்லம்மா, பிரமாதம். இனி பள்ளிக்கூடத்து வேலை பூரா உனக்குத்தான். ஆனா அந்தக் கடைசிக் கேள்வி நான் எழுதிக் குடுக்கலையே?"

ஹில்டா அப்போதுதான் கேள்வித்தாளின் கடைசிப் பக்கத்தைப் பார்த்தாள்.

வாக்கியத்தில் அமைத்து எழுதுக: புழங்கு.

"போகட்டும், நல்ல கேள்விதான்னு விட்டுட்டேன். கொடுமை என்னன்னா, அதுக்குப் பதிலை வகுப்பு பூரா காப்பி அடிச்சிருக்குதுங்க. எப்படின்னுதான் புரியல. அம்மை போட்டவன்னு ஒருத்தனை மரத்தடியில தனியா உட்கார வெச்சோம். அவனும் இதையேதான் எழுதியிருக்கான், பாரு!"

ஹில்டா ஒவ்வொரு தாளாகப் புரட்டினாள். கோழிக்கிறுக்கல். முத்துமுத்தான கையெழுத்து. மை கொட்டிய தாள். மரத்தடிப் பையனின் தாள்.

எல்லாத் தாளிலும் ஒரே வாக்கியம்.

நான் இன்னும் இங்கேதான் புழங்குகிறேன்.