இரண்டாவது பார்வையாளர்

‘பார்ப்பவர்கள்: 2’ என்றது கைபேசி.

வீட்டுக் கேமராவை அலுவலகத்திலிருந்தே பார்க்க வழிசெய்து பத்து நிமிடம்கூட ஆகவில்லை. பார்ப்பவன் அவன் ஒருவன்தான். மழை மூட்டத்தில் மத்தியானமே மங்கிப்போன கூடத்தில் மனைவி துணி மடித்துக்கொண்டிருந்தாள், ஆறு மாதக் குழந்தை விரிப்பில் தூங்கியது, மின்விசிறி எதையோ உரசும் சத்தத்துக்கு அடியில் யாரோ நிதானமாக மூச்சுவிடுவது போன்ற இரைச்சல் ஒன்றும் வந்துகொண்டிருந்தது.

பக்கத்து இருக்கை கம்ப்யூட்டர்காரரிடம் சொன்னான். வெளியாள் எவனோ நுழைந்திருப்பான், கடவுச்சொல்லை மாற்று என்றார் அவர், சாப்பாட்டை விட்டுத் தலை நிமிராமல். மனைவியின் பிறந்தநாளைப் போட்டான். அவனுக்கே அது சரியாக நினைவில்லை என்பதால் வேறு எவனும் கண்டுபிடிக்க வாய்ப்பில்லை. வீட்டு வைஃபையில் இருப்பவர்களுக்கு மட்டும் கடவுச்சொல் வேண்டாம் என்று ஏற்கெனவே டிக் அடித்திருந்தான். வீட்டுக்குள் இருப்பவர்களையே நம்பாவிட்டால் எப்படி?

எண் ஒன்றானது. போன உயிர் வந்தது.

மறுபடி இரண்டு.

மேசைத் தொலைபேசியில் மனைவியை அழைத்து, கதவு சன்னல் எல்லாவற்றையும் பூட்டச் சொன்னான்.

“காலையிலேருந்து இது மூணாவது தடவை. கேமரா திருடனைப் பாக்கவா, என்னைப் பாக்கவாங்க?” என்றாள். ஆனாலும் போனைச் சோபாவில் போட்டுவிட்டு எழுந்து போனாள்.

கம்ப்யூட்டர்காரர் அவன் கைபேசியை எட்டி வாங்கி, அந்த எண்ணைத் தட்டி விவரத்தைப் பார்த்தார். மெல்லுவதை நிறுத்தினார்.

“தம்பி, வீட்ல வேற யாரு இருக்கா?”

“யாருமில்லண்ணே.”

“உங்க வீட்டு வைஃபைலேருந்துதான் பாக்குறாங்க.”

மனைவியின் போனில் அந்த ஆப்பே கிடையாது. வைஃபையோ வாசல்படி தாண்டாது. அதற்காக அவனே இரண்டு முறை புகார் கொடுத்திருக்கிறான்.

கேமரா திரும்பியது. அவன் தொடவில்லை. துணிக்குவியலைத் தாண்டியது. குழந்தையிடம் நின்றது.

இடப்பக்கம் திருப்பினான். திரும்பியது. வலப்பக்கம். திரும்பியது. மேலே ஏற்றினான். கீழே இழுத்தது. மறுபடி ஏற்றினான். இழுத்தது. மேலே மட்டும் விடவில்லை.

மனைவி கூடத்துக்குத் திரும்பினாள், குழந்தையைத் தூக்கினாள், போனை எடுத்தாள்.

“பூட்டியாச்சுங்க. இனிமே எவனும் உள்ள வர முடியாது. போதுமா?”

  மேலே ஏற்றும் பொத்தானில் கட்டைவிரலை அழுத்தியபடியே பிடித்தான்.

கேமரா விட்டுக்கொடுத்தது. மெல்ல ஏறியது.

பரண். கதவு கையளவு திறந்திருந்தது. இடுக்கில் நீல வெளிச்சம். வெளிச்சத்தைப் பிடித்திருந்த விரல்கள். விரல்களுக்குப் பின்னால், சிரிப்பு என்று சொல்ல முடியாதபடி, பற்கள்.

நேரே கீழே, கேமராவைப் பார்த்துக் குழந்தையின் கையைப் பிடித்து ஆட்டிக்கொண்டிருந்தாள் மனைவி.