நகலாள் காத்திருந்த வருடங்கள்

“சட்டம் காட்டிய வழிகள் அனைத்தையும் மனுதாரர் முடித்துவிட்டாரா?” என்று நீதிமன்றத்தின் வாயிற்பொறி மறுபடியும் கேட்டது.

“முடிக்கல. ஆனா அஞ்சு மணிக்கு என் ஐஸ் கம்பெனிக்கு சீல் வச்சிருவாவ. நீதிபதிகிட்ட ரெண்டு வார்த்தை பேசணும்” என்றாள் அமலோற்பவம்.

“முடித்துவிட்டு வாருங்கள்.”

கண்ணாடிக் கதவு அசையவில்லை. தொழில் நிதிக் கழகத்தில் தம்பி வாங்கிய கடனுக்கு அவள் ஜாமீன் போட்டிருந்தாள். கடைசித் தவணை வரை கட்டிவிட்டுத்தான் அவன் கண்ணை மூடினான். கழகத்தின் வசூல்பொறியின் கணக்கில் மட்டும் அது ஏறவே இல்லை. தூத்துக்குடியில் அவளுக்கிருந்த ஒரே பிழைப்பை இன்று மாலை பூட்டப் போகிறது.

முதலில் கழகத்திடம் மறுப்பு, பிறகு கடன் தீர்ப்பாயம், அதற்கு மேல் முறையீட்டுத் தீர்ப்பாயம். இந்தப் படிகளை ஏறாதவருக்கு நீதிமன்றக் கதவு திறக்காது. ஏறி முடிக்க ஆயுசில் பாதி போய்விடும் என்பதால்தான் வருடங்களை நிமிடங்களில் ஓட்டும் காலமுடுக்கியைக் கண்டுபிடித்தார்கள்.

“பயப்படாதீங்கக்கா. முடுக்கி இருக்குல்லா?” என்றார் கூட வந்திருந்த வக்கீல் செல்வின். “உங்க மனச அப்படியே நகல் எடுத்து உள்ள அனுப்புவோம். அந்த நகலாள் எல்லாத் தீர்ப்பாயத்துக்கும் போய்ட்டு, நாம டீ குடிக்கதுக்குள்ள வந்துரும்.”

தீர்ப்பாயங்களும் அதே பொறிக்குள்தான் நடந்தன. வேகத்தைக் கூட்டிய மகானுபாவர்கள், வாய்தாக்களில் ஒன்றைக்கூடக் குறைக்கவில்லை.

வாசலிலேயே அவள் நெற்றியில் பட்டையைக் கட்டி நகல் எடுத்தார்கள். சற்று நேரத்தில் திரையில் ஒரு கூடம் தெரிந்தது. பெஞ்சில் இன்னொரு அமலோற்பவம் உட்கார்ந்திருந்தாள், மடியில் பையோடு.

“என்ன தம்பி, உக்காந்தே இருக்கா?”

“பேர் கூப்பிடணும்லக்கா.”

“ஏட்டி, எந்திரிச்சுப் போய்க் கேளு!” என்று அவள் திரையைப் பார்த்துக் கத்தினாள். அது காதில் விழுந்ததுபோல நகலாள் எழுந்து போனாள். அழைக்காமல் வந்ததற்காக மனுவைத் தள்ளி வைத்தார்கள். திரும்பி வந்து உட்கார்ந்தவள் அதன்பிறகு எழவில்லை. அவள் தலை நரைத்துக்கொண்டே வந்தது. அமலோற்பவத்துக்கு டீ இறங்கவில்லை. தானே அங்கே வாடுவதைப் பார்க்க நெஞ்சு பதறியது.

நாலரை மணிக்கு முடுக்கி நின்றது. உள்ளே பதினான்கு வருடம் கழிந்திருந்தது. எல்லா இடத்திலும் தள்ளுபடி.

“நல்லதாப் போச்சு!” என்றார் செல்வின் உற்சாகமாக. “இனி நீதிமன்றம் கேட்டுத்தான் ஆகணும். ஒரே ஒரு வேலை. அவ பட்டதெல்லாம் நீங்க பட்டதா இருந்தாத்தான் சட்டப்படி செல்லும். அந்த நினைவ நீங்க வாங்கிக்கணும்.”

“குடுங்க. கம்பெனி தப்பிச்சாப் போதும்.”

பட்டையை மறுபடி கட்டினார்கள். அவள் கண்ணை மூடித் திறந்தாள்.

“வழிகள் முடிந்தன. மனுதாரர் வரலாம்” என்றது வாயிற்பொறி. கண்ணாடிக் கதவு அகலத் திறந்தது. உள்ளே நீதிபதி நிமிர்ந்து பார்ப்பதுகூடத் தெரிந்தது.

அமலோற்பவம் வாசலோரப் பெஞ்சில் போய் உட்கார்ந்தாள். பையை மடியில் வைத்துக்கொண்டாள்.

“அக்கா, உள்ள வாங்க! நேரம் ஆகுது!”

“பேர் கூப்பிடட்டும் தம்பி.”

“இங்க பேர் கூப்பிட மாட்டாவக்கா. நாமதான் போணும்.”

“நானும் ஒருக்கா அப்படித்தான் எந்திரிச்சுப் போனேன். தள்ளி வச்சுட்டாவ.”

செல்வின் அவள் கையைப் பிடித்து இழுத்தார். “மனுதாரர் தாமாக வர வேண்டும்” என்று பொறி எச்சரித்தது. எத்தனை பேரை இந்த முடுக்கிக்கு அனுப்பியிருக்கிறோம், அவர்களில் எத்தனை பேர் உள்ளே போனார்கள் என்று அவர் இதுவரை எண்ணிப் பார்த்ததில்லை. இப்போது எண்ணப் பயமாக இருந்தது.

“உங்க காலப் பிடிச்சுக் கேக்கேன்க்கா. கம்பெனி போயிரும்!”

“இப்படித்தான் எனக்கும் முதல்ல பதறுச்சு” என்றாள் அவள் பரிவாக. சற்று நகர்ந்து இடம் விட்டாள். “உக்காருங்க. நேரமாகும்.”

ஐந்து மணிக்குக் கதவு மூடிக்கொண்டது. அவள் பைக்குள் போன் அலறியது. ஐஸ் கம்பெனியிலிருந்துதான். கூடத்தில் சத்தம் வரக் கூடாதே என்று அவள் அவசரமாக அதை அணைத்தாள்.