நீர் யாரைத் தாங்கும்

செண்பகவல்லி ஒரு தூக்குவாளியை மேசைமேல் வைத்தாள். கிழக்கேகோட்டை ஓட்டல் ஒன்றின் அடுப்படியிலிருந்து நேராக வந்திருந்தாள். விரல்களில் தோசைமாவு காய்ந்திருந்தது.

“எம் மவன் லிங்கராஜ் ஒரு தப்பும் பண்ணலம்மா. ஆனாலும் தண்ணி அவன விட்டுட்டுது. அது எப்படின்னுதான் எனக்கு வெளங்கல.”

துப்பறிவாளர் ராஜஸ்ரீ நாற்காலியை அவள் பக்கம் திருப்பினார். நெறிக்கூடத்தைப் பற்றி அவருக்கு ஓரளவு தெரியும். கரமனையாற்றங்கரையில் மாயம் கற்றுத்தரும் பள்ளி அது. மந்திரம் எதுவும் கிடையாது. மாணவரின் நடத்தைதான் சக்தி. குற்றமில்லாதவரை ஆற்றுநீர் தரைபோலத் தாங்கும், குற்றமுள்ளவரை விட்டுவிடும் என்பது அங்கே முதல் பாடம். அங்கே படித்த பதினேழு வயது லிங்கராஜ் தினமும் விடிந்ததும் அக்கரைக்கு நடந்து போய்த் திரும்புவான். செவ்வாய்க்கிழமை நடு ஆற்றில் முழுகிவிட்டான். ஆற்றில் மழைவெள்ளம் போய்க்கொண்டிருந்தது. அவனுக்கு நீச்சல் தெரியாது, தேவைப்பட்டதே இல்லை.

“ஆத்தக் கடந்தவங்க பேர வெட்டுற படிக்கல்லுல அவன் பேரும் இருக்கு. இன்னைக்கு அந்திக்கு அதச் சொரண்டிருவாங்களாம். நாங்க குடியிருக்க லைன்வீட்ல இப்பவே கள்ளன்னு பேசுதாவ. புள்ளதான் போயிட்டான், பேராவது இருக்கட்டும்மா.”

“இந்த வாளி?”

“ஞாயித்துக்கெழம புளிச்சோறு கொண்டு போனேன். எங்கள உள்ள விட மாட்டாவ. அழகியநம்பி வாத்தியார் வாசல்ல வாங்கிக்கிட்டாரு. வாளி திரும்பி வந்துச்சு, சுத்திக் கட்டின துணி வரல. அரக்குச் சேலைக் கிழிசல், அடுப்புப் பொறி பட்டு ஓட்ட விழுந்தது. அதத்தான் தலையில கட்டிட்டு அடுப்புல நிப்பேன். எவ்வளவு தூரத்துல பாத்தாலும் அவனுக்கு அது எந்துணின்னு தெரியும்.”

ராஜஸ்ரீயின் உதவியாளர் வீரபாண்டி ஆட்டோ ஓட்டுபவர். படி இறங்கும்போதே முணுமுணுத்தார்: “சேச்சி, பையன் என்னமோ செஞ்சிருப்பான். தண்ணி பொய் சொல்லுமா?”

“தண்ணிக்கு என்ன தெரியும், என்ன தெரியாதுன்னு பார்ப்போம். வண்டிய எடு.”

அவர்கள் செண்பகவல்லியையும் கூட்டிக்கொண்டு போனபோது, நெறிக்கூடத்தின் தலைவி பகவதியம்மாள் பள்ளிக்கு வெளியே இருந்த படித்துறையில் உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் சுத்தியலும் உளியும் தயாராக இருந்தன. விசாரணைக்கு உட்படுபவர் நீர்மேல் நின்றுதான் பேசவேண்டும் என்பது அங்குள்ள வழக்கம். அதன்படி அழகியநம்பி ஆற்றின்மேல் கைகட்டி நின்றார். வேட்டியின் ஓரம்கூட நனையவில்லை.

“அன்னைக்கு நம்பி சார்தான் நடந்து போய்ப் பையனைத் தூக்கிட்டு வந்தாரு, கேட்டீங்களா,” என்றார் பகவதியம்மாள். “தண்ணி அவரைத் தாங்கிச்சு, பையனைத் தாங்கல. இதுல விசாரிக்க என்ன இருக்கு?”

படித்துறை ஓரத்துக் கம்பம் ஒன்றில் கைக்குட்டை கட்டியிருந்தது. அது எதற்கு என்று ராஜஸ்ரீ கேட்டார்.

“குறைக்கம்பம். இங்க யாரும் யாரையும் வாயால குத்தம் சொல்றதில்ல. மனசு நொந்தவங்க தன் துணிய அதுல கட்டுவாங்க. நோகடிச்சவன் துணிய அடையாளம் பாத்து, தானா போய் மன்னிப்புக் கேப்பான். அக்கரையிலயும் ஒண்ணு இருக்கு. மூங்கில் மறைக்கிறதால நடு ஆத்துக்குப் போனாத்தான் கண்ணுல படும்.”

ராஜஸ்ரீ மூங்கில் மறைவையும் நடு ஆற்றையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு, “வீரபாண்டி, செருப்பைக் கழட்டிட்டுத் தண்ணிமேல ஏறு,” என்றார்.

கரையோரத்தில் பழகாதவர்களையும் நீர் தாங்கும். வீரபாண்டி ஒரு காலை வைத்துப் பார்த்தார், மறு காலையும் வைத்தார், பல்லெல்லாம் தெரியச் சிரித்தார். “சேச்சி, ஒரு போட்டோ!”

ராஜஸ்ரீ கைபேசியைப் பார்த்தார். “நீ சந்துல விட்ட வண்டியால ஆம்புலன்ஸ் உள்ள வர முடியாம நிக்குதாம். உள்ள ஒரு கர்ப்பிணியாம்.”

“ஐயோ!” வீரபாண்டி முழங்கால்வரை இறங்கிவிட்டார்.

“பொய்தான். ஆம்புலன்ஸ் எதுவும் வரல.”

நீர் அவரை மெல்ல மேலே தூக்கியது. “இது சதி, சேச்சி. பேண்ட் நனைஞ்சு போச்சு.”

“பாத்தீங்களாம்மா?” ராஜஸ்ரீ பகவதியம்மாளிடம் திரும்பினார். “இவன் யாருக்கும் கெடுதல் பண்ணல. பண்ணிட்டோம்னு நம்பினான், தண்ணி விட்டுட்டுது. நம்பிக்கை மாறினதும் திரும்பத் தாங்குது. அப்ப, நடு ஆத்துல லிங்கராஜை நம்ப வச்சது எது?” அவர் நீர்மேல் நின்றவரைப் பார்த்தார். “நம்பி சார், இந்த அம்மாவோட துணிய அக்கரைக் கம்பத்துல கட்டினது நீங்கதானே?”

“ஆமாம்,” என்றார் அழகியநம்பி. குரலில் தடுமாற்றமே இல்லை. “அப்புறம் அவுத்து என் அறையில மடிச்சு வச்சிருக்கேன். வேணும்னா எடுத்துக்கோங்கோ.”

பகவதியம்மாள் எழுந்துவிட்டார். “இத ஏன் சொல்லல?”

“யாரும் கேக்கலையே. இந்த ஆத்தைக் கடக்க எனக்குப் பன்னெண்டு வருஷம் ஆச்சு. அவன் மூணே மாசத்துல கடந்தான். சந்தேகம் வராதா? சோதிச்சுப் பாத்தேன். சுத்தமானவன் ஒரு துணியப் பாத்துக் கலங்குவானா? கலங்கினான், ஜலம் விட்டுது. தீர்ப்பு என்னோடது இல்ல.”

செண்பகவல்லி கடைசிப் படிவரை இறங்கி வந்தாள். “வாத்தியாரே, எந்துணியப் பாத்தா அவன் என்ன நெனச்சிருப்பான்? ஆத்தாவ நோவடிச்சிட்டோமேன்னுதான நெனச்சிருப்பான்? என்னத்தச் செஞ்சோம்னு தெரியாமலே போயிருப்பானே!”



“சோதனைன்னு சொன்னீங்க,” என்றார் ராஜஸ்ரீ. “சரி. பன்னெண்டு வருஷம், மூணு மாசம்னு ஒரு கணக்கும் சொன்னீங்களே. வெறும் சோதனைக்கு அந்தக் கணக்கு எதுக்கு, சார்?”

அழகியநம்பி படிப்பக்கம் திரும்பினார்.  செண்பகவல்லியின் மாவு காய்ந்த விரல்களை வெகுநேரம் பார்த்தார். வேட்டியின் ஓரம் நனைந்தது. கணுக்கால் மறைந்தது, முழங்கால் மறைந்தது. இடுப்புவரை போனபோது வீரபாண்டி பாய்ந்து கையைப் பிடித்துப் படிக்கு இழுத்தார். “மேல வா வேய்! நீ சொல்ல வேண்டியத போலீஸ்கிட்ட சொல்லணும்.”

செண்பகவல்லி படிக்கல்லில் மகன் பெயரைக் கையால் மூடிக்கொண்டு உட்கார்ந்தாள். பகவதியம்மாள் உளியை எடுத்து ஆற்றில் எறிந்தார்.

“இத்தனை வருஷமா நாங்க என்னதான் சொல்லிக்கொடுத்தோம்?” என்று கேட்டார்.

“தண்ணிக்குக் குத்தம் எதுன்னு தெரியாதும்மா,” என்றார் ராஜஸ்ரீ. “மேல நிக்கிறவர் தன்னைக் குத்தவாளின்னு நம்புறாரா, அது மட்டும்தான் அதுக்குத் தெரியும். லிங்கராஜ் அம்மாவோட துணியப் பாத்தான், தன்னால அம்மா நொந்துட்டாங்கன்னு நம்பினான், முழுகினான். அதக் கட்டினவர் தான் செஞ்சது சரின்னு நம்பினார். அதனால இப்ப வரைக்கும் முழுகல.”